இவுளி: ஒரு பழஞ்சொல்லின் பொருளும் பிறப்பும் – நிகழ்வு ஆய்வு

குதிரையைக் குறிக்கும் பழைய தமிழ்ச் சொற்கள் பல. அவற்றில் பரியும் புரவியும் இன்னும் வழக்கில் இருக்கின்றன. நரியைப் பரியாக்கிய கதை தெரியாதவர் குறைவு. சிவகங்கை, புதுக்கோட்டைப் பக்கத்து ஊர்களில் ஐயனாருக்கு மண்குதிரை எடுக்கும் விழாவுக்குப் புரவியெடுப்பு என்றே பெயர். இவுளிக்கு இப்படி ஒரு பிடிப்பும் இல்லை. பேச்சிலும் சடங்கிலும் பழமொழியிலும் அது இல்லை. பழம்பாட்டிலும், நிகண்டு எனப்படும் பழைய சொற்பொருள் நூல்களிலும் மட்டுமே நிற்கிறது.

ஆனால் பிறப்பை ஆராய்ந்தால், குதிரைப் பெயர்களில் மிகச் சிக்கலானதும் மிகச் சுவையானதும் இதுதான். இதற்கு இனமான சொல், அதாவது ஒரே மூலத்தில் பிறந்த சொல், தமிழின் அண்டை மொழிகள் எவற்றிலும் கிடைப்பதில்லை. பலுச்சிஸ்தானில் பேசப்படும் பிராகுயி மொழியில் கிடைக்கிறது. அந்த ஒற்றை இணைப்பு எவ்வளவு கனம் தாங்கும் என்பதைப் பார்ப்பதே இந்த ஆய்வு. கேள்விகள் இரண்டு: இவுளி என்றால் சரியாக என்ன? அது எங்கிருந்து வந்தது? முதல் கேள்வியை முடிக்காமல் இரண்டாவதைத் தொடக்கூடாது. சொற்பிறப்பு ஆராய்ச்சியில் நடக்கும் பிழைகளில் பாதி, பொருளை அகராதியில் இருந்து எடுத்துக்கொண்டு நேரே வேர் தேடப் போவதால் வருவது.

பொருள்: பாட்டுக்குள் சொல் என்ன செய்கிறது

மூன்று சங்கப் பாடல்களை எடுத்துக்கொள்வோம்.

முதலாவது புறநானூறு 197. "வளிநடந் தன்ன வாஅய்ச் செலல் இவுளியொடு / கொடிநுடங்கு மிசைய தேரினர் எனாஅ" என்று தொடங்குகிறது. காற்று நடந்தாற்போலத் தாவிச் செல்லும் இவுளி, உச்சியில் கொடி அசையும் தேர். அடுத்துக் கடல்போன்ற படை, மலையோடு மலையும் களிறு. வேந்தனின் படைச் செல்வத்தை வரிசையாகச் சொல்லும் இடம் இது. யானைக்கும் தேருக்கும் பக்கத்தில் நிற்கும் விலங்கு குதிரையாகத்தான் இருக்க முடியும். மூன்றில் பொருளை மிக உறுதியாகப் பிணைப்பது இந்தப் பாட்டுத்தான்.

இரண்டாவது அகநானூறு 224. தலைவன் பாகனை விரைந்து செலுத்தச் சொல்கிறான். பாகன் கயிற்றை அடக்கிப் பிடிக்கிறான். விலங்கின் மூச்சு கொல்லனின் துருத்தி போல வெய்தாக வருகிறது. தலை வளைந்த நுகத்தில் கட்டப்பட்டிருக்கிறது. "கால்கடுப் பன்ன கடுஞ்செலல் இவுளி" என்கிறது பாட்டு. கால் என்பது இங்கே காற்று. அதன்பின் வருவது சங்கப் பாட்டில் விலங்கை உற்றுப் பார்த்த மிக நுட்பமான இடங்களில் ஒன்று. வாயிலிருந்து வழியும் வெண்ணுரை, பால் கடையும்போது மிதக்கும் நுரை போல முதலில் திரண்டு நிற்கிறது. ஓட்டத்தில் அது சிலம்பி நூல்போல மெல்லிய இழைகளாகப் பிரிந்து பறந்து, சந்தனம் புலர்ந்த தலைவன் மார்பில் புள்ளி புள்ளியாகப் படிகிறது. கடிவாளம் போட்ட குதிரையை வேகத்தில் கயிற்றால் அடக்கும்போது அது கடிவாளத்தை மென்று மென்று எச்சில் நுரைக்கும். எதிர்காற்றில் அந்த நுரை பின்னோக்கி இழையும். அடக்கிய கயிறும் நுரையும் ஒரே பாட்டில் அடுத்தடுத்து வருவது கண்ணால் கண்டவர் எழுதியதற்கு அடையாளம். ஏறிச் செல்லும் குதிரை அன்று, தேர் இழுக்கும் குதிரை என்பதையும் நுகம் சொல்லிவிடுகிறது.

மூன்றாவது நற்றிணை 63. சிக்கல் இங்கேதான். "புள்ளுற ஒசிந்த பூமயங்கு அள்ளல் / கழிச்சுரம் நிவக்கும் இருஞ்சிறை இவுளி / திரைதரு புணரியின் கழூஉம்" என்பது அடி. பறவை அமர்ந்ததால் வளைந்த கிளையின் பூ உதிர்ந்து கலந்த சேறு. அந்தக் கழிவழியே வரும் இவுளி. அதன்மேல் பட்ட சேற்றைக் கடல் அலை கழுவும் சேர்ப்பன் (கடற்கரைத் தலைவன்) நாடு.

சிறை என்ற சொல்லுக்குச் சிறகு என்றும் பொருள், பக்கம் என்றும் பொருள், காவல், கட்டு என்றும் பொருள். முன் அடியில் 'புள்' வேறு இருக்கிறது. இந்த ஒரு பாட்டை மட்டும் வைத்துக்கொண்டால், பெரிய சிறகுடைய நீர்ப்பறவை ஒன்று சேற்றில் இறங்கி அலையில் கழுவிக்கொள்கிறது என்றுகூட ஒருவர் வாதிடலாம். அந்த வாதம் நிற்காது. அதை விலக்க இரண்டு சான்றுகள் உண்டு. ஒன்று, மற்ற இரு பாடல்களிலும் இவுளி தேரோடு வருகிறது. நெய்தல் பாட்டில் சேர்ப்பன் கழியைக் கடந்து தேரில் வருவது வழக்கமான காட்சி. மற்றொன்று, இந்தப் பாட்டைப் பாடிய உலோச்சனாரே பாடிய நற்றிணை 278. அங்கே "கழிச்சேறு ஆடிய கணைக்கால் அத்திரி"யின் குளம்பில் சிவந்த இறாமீன் சிக்கி ஒடுங்கிக் கிடக்கிறது. தலைவனின் விலங்கு கழிச்சேற்றில் இறங்கி வரும் காட்சி இந்தப் புலவருக்குப் பழகியது. ஆகவே நற்றிணை 63-இன் இவுளியும் குளம்புள்ள விலங்கே.

ஆனால் கவனிக்க: அத்திரி கோவேறு கழுதை, குதிரை அன்று. கழிக்கரையில் அந்த விலங்கும் தேர் இழுத்தது. அகநானூறு 350 அதைச் சொல்கிறது. நற்றிணை 63 தனியாக நின்றால், இவுளி என்பது குதிரையா கோவேறு கழுதையா என்று முடிவுகட்ட முடியாது. புறம் 197 பக்கத்தில் இருப்பதால்தான் குதிரை என்று உறுதியாகச் சொல்கிறோம். இந்தச் சிறு இடைவெளியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பிறப்பைப் பேசும்போது இது தேவைப்படும்.

இரண்டு பாடல்கள் இவுளியைக் காற்றோடு ஒப்பிடுகின்றன. இதை வைத்து 'காற்றுப்போல் விரைவது இவுளி' என்று வேர்ப்பொருள் சொல்லத் தோன்றும். அது தவறு. பரி, புரவி, மா எல்லாவற்றுக்கும் புலவர்கள் விரைவு அடைமொழி கொடுக்கிறார்கள். அடைமொழி விலங்கின் இயல்பைச் சொல்கிறதே தவிரச் சொல்லின் வேரைச் சொல்வதில்லை.

அப்படியானால் புலவர் ஏன் புரவி என்னாமல் இவுளி என்றார்? யாப்பு என்ற வழக்கமான பதில் இங்கே செல்லாது. குதிரை, புரவி, இவுளி மூன்றும் நிரை நேர். மூன்றும் புளிமாச் சீர். ஒன்றை எடுத்துவிட்டு மற்றொன்றைப் போட்டால் சீர் கெடாது. ஓசை ஒரு காரணமாக இருக்கலாம்: 'வளி', 'இவுளி' என்று ளிகரம் திரும்ப வருவது புறம் 197-இன் முதல் அடிக்கு அழகு. யாப்பு நெருக்கடிக்காகக் கட்டிய சொல் இது என்ற கருத்து மட்டும் அடிபட்டுப்போகிறது. அக்காலத்தில் புலவர் கைக்கெட்டும் தூரத்தில் இருந்த சொல் இவுளி.

பிற்காலத்திலும் அது கொஞ்ச காலம் இருந்தது. சிலப்பதிகாரத்தின் எண்பேராயத்துக்கு (அரசனைச் சூழ்ந்த எட்டுப் பெருங்குழுவுக்கு) விளக்கமாகக் காட்டப்படும் பழைய நூற்பாவில் கரணத்தியலவர், கருமவிதிகள், கனகச்சுற்றம், கடைகாப்பாளர், நகரமாந்தர், நளிபடைத்தலைவர் என்று அடுக்கிவந்து, "யானை வீரர் இவுளி மறவர்" என்று எட்டும் முடிகிறது. இங்கே இவுளி மறவர் குதிரைப்படையினர். தேர்க்குதிரை என்ற பழைய சாயல் போய், பொதுப்பெயராகிவிட்டது. தேர்ப்படை மறைந்தபின் வேறு வழியும் இல்லை.

இவுளி மாமரம் ஆன கதை

அகராதிகள் பலவற்றில் இவுளிக்கு இரண்டு பொருள் இருக்கும்: குதிரை, மாமரம். இரண்டாவதைக் கண்டதும் பலர் அதையும் வேர்தேடும் வேலையில் சேர்த்துக்கொள்கிறார்கள். உயர்ந்து வளர்வது மாமரம், உயரத் தாவுவது குதிரை, ஆக வேர் 'உயர்தல்' என்று கணக்கு நேராகிவிடுகிறது. பார்க்கச் சரியாக இருக்கும். அடித்தளமே இல்லை.

நடந்தது இதுதான். 'மா' என்ற சொல் பல பொருள் உடையது: விலங்கு, குதிரை, மாமரம், வண்டு, திருமகள், கருமை, நில அளவு. குதிரை என்ற பொருளில் அது சங்கப் பாட்டில் நன்றாகவே உண்டு. புறநானூறு 273-இல் போருக்குப் போனவனின் குதிரை திரும்பாததைச் சொல்லும் "மாவா ராதே மாவா ராதே" என்ற கதறலை யாரும் மறக்கமாட்டார்கள். நிகண்டு மரபில் ஒரு சொல்லின் பரியாயப் பெயர்கள் (ஒரே பொருள் தரும் மாற்றுப் பெயர்கள்) ஒரு வரிசையாக மனப்பாடம் ஆகின்றன. மா என்றால் இவுளி. மா என்றால் மாமரமும் கூட. எனவே இவுளி என்றால் மாமரம் என்று பொருள் ஒரு சொல்லிலிருந்து அடுத்ததற்குத் தாவிவிடுகிறது.

இதே தாவல் எதிர்த்திசையிலும் நடந்திருப்பதுதான் இந்த விளக்கத்துக்குப் பலம். கொக்கு என்ற சொல்லுக்கு மாமரம் என்பது உண்மையான பழைய பொருள். பெரும்பாணாற்றுப்படை "நெடுமரக் கொக்கின் நறுவடி" என்று மாவடுவைச் சொல்கிறது. துளுவில் இன்றும் மாவுக்குக் குக்கு என்று பெயர். அந்தக் கொக்குக்கு நிகண்டுகளில் குதிரை என்ற பொருளும் ஏறியிருக்கிறது. கொக்கு மாமரம், மாமரம் மா, மா குதிரை. பாட்டில் எங்கும் கொக்கு ஓடித் தேர் இழுப்பதில்லை. இவுளி எங்கும் காய்ப்பதில்லை. இரு சொற்களும் 'மா'வில் சந்தித்துப் பொருளை மாற்றிக்கொண்டன.

செய்முறையாகச் சொன்னால்: ஒரு பழஞ்சொல்லுக்கு அகராதி இரண்டு தொடர்பற்ற பொருள்களைக் கொடுத்தால், முதலில் ஒவ்வொன்றுக்கும் பாட்டுச் சான்று உண்டா என்று பாருங்கள். சான்று இல்லாத பொருளுக்கும் சான்றுள்ள பொருளுக்கும் இடையில் 'மா' போன்ற பலபொருள் ஒருசொல் நிற்கிறதா என்று தேடுங்கள். நின்றால், சான்றில்லாத பொருளை வேர்த்தேடலில் இருந்து தள்ளிவையுங்கள்.

தமிழுக்குள் வேர் உண்டா

பொருள் முடிந்தது: குதிரை, பழைய சான்றுகளில் பெரும்பாலும் தேர்க்குதிரை. இனி வேர்.

எளிதாகக் கைக்கு வருவது 'இவர்தல்'. ஏறுதல், உயர்தல், பாய்தல், படர்தல் என்று அதற்குப் பொருள். ஏறுவதற்கு உரியது அல்லது பாய்வது என்று குதிரைக்குப் பொருந்திவரும். பொருள் பொருந்துவது பாதிதான்; எழுத்தும் பொருந்த வேண்டும். 'இவர்' என்ற பகுதியில் இருந்து பெயர் பிறந்தால் ரகரம் நிற்க வேண்டும். ரகரம் ளகரமாக மாறியதற்கு ஒத்த இணைகள் வேண்டும். பந்தல் – பந்தர், சாம்பல் – சாம்பர் என்ற கடைப்போலியைக் காட்டுவார்கள். அது லகரத்துக்கும் ரகரத்துக்கும் இடையில், சொல்லின் இறுதியில் நடப்பது. சொல்லின் நடுவில், இரண்டு உயிர்களுக்கு இடையில், ளகரத்தோடு நடந்ததற்கு அது சான்றாகாது. -உளி என்று வினைமுதற்பொருள் (செய்வது என்ற பொருள்) தரும் விகுதியும் தமிழில் இல்லை.

அடுத்தது 'உளை'. பிடரிமயிர் என்று பொருள். வாலுளைப் புரவி, கொய்யுளை என்று குதிரையோடு ஒட்டியே வருவது. இங்கே ளகரம் சரியாக இருக்கிறது. ஆனால் முன்னால் உள்ள 'இவ்' எதற்கு என்று சொல்ல முடியவில்லை. ஐகார ஈறு இகரமானதற்கும் காரணம் இல்லை. அருகருகே வருவதால் ஈர்க்கும் சொல், அவ்வளவுதான்.

வடமொழியைப் பார்த்தால் வழி இன்னும் அடைபடுகிறது. வடமொழிக் குதிரைப் பெயர்கள் தமிழுக்கு வந்த விதம் தெளிவாகத் தெரியும்: அசுவம், அயம், துரகம், வாசி, கோடகம், சைந்தவம். ஒவ்வொன்றுக்கும் மூலம் கண்முன்னே இருக்கிறது. இவுளிக்கு மூலமாகக் காட்டத்தக்க ஒன்று அந்தப் பட்டியலில் இல்லை.

இவுளியைத் திரிசொல் என்று வகைப்படுத்தி நிறுத்திவிடுவதும் உண்டு. ஒருபொருள் குறித்த வேறுசொல் என்று தொல்காப்பியம் சொல்லும் திரிசொல் வகையில் அது அடங்கும், மறுக்கவில்லை. அந்தப் பெயர் சொல்லின் வழக்கு நிலையைக் காட்டுகிறது, பிறப்பைக் காட்டவில்லை.

பிராகுயி: ஒரே இனச்சொல்

பரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பு அகராதியின் 1984 பதிப்பில் 500-ஆம் பதிவு மிகச் சிறியது. தமிழ் இவுளி, பிராகுயி (ஹ்)உல்லீ. இரண்டுக்கும் குதிரை என்று பொருள். அவ்வளவுதான். கன்னடம், தெலுங்கு, மலையாளம், கோண்டி, குடுக்கு எதுவும் இல்லை. 1711-ஆம் பதிவான குதிரையோடு ஒப்பிட்டால் வேறுபாடு புரியும்: அதில் மலையாளம் குதிர, கன்னடம் குதுரெ, துளு குதுரெ, குடகு, கோத்தம், தோடம் என்று தென்திராவிட மொழிகள் வரிசையாக நிற்கின்றன.

பிராகுயி பலுச்சிஸ்தானின் கலாத் பகுதியை மையமாகக் கொண்டது. டெனிஸ் பிரே 1909-இல் அதன் இலக்கணத்தையும் 1934-இல் சொற்பிறப்போடு கூடிய சொற்றொகுதியையும் வெளியிட்டார். சொற்களில் பெரும்பகுதி பலூச்சி, பாரசீகம், சிந்தி ஆகியவற்றிலிருந்து வந்தவை. எண்ணுப்பெயர்களில் ஒன்று, இரண்டு, மூன்று மட்டும் திராவிடம். அப்படியொரு மொழியில் ஒரு சொல் தமிழோடு ஒத்துப்போனால் முதலில் கேட்க வேண்டியது: இது அண்டை வீட்டிலிருந்து வந்ததா?

இவுளி இந்தச் சோதனையில் தேறுகிறது. பலூச்சியிலும் பாரசீகத்திலும் குதிரை அஸ்ப்; சிந்தியில் கோடோ. உல்லீ இவற்றில் எதன் சாயலும் அன்று.

அடுத்த சோதனை ஒலி. இங்கே ஒவ்வோர் எழுத்தாகப் பார்க்க வேண்டும்.

முதலில் உள்ள ஹகரம் பெரிய தடை அன்று. பிராகுயியில் உயிரில் தொடங்கும் சொற்களுக்கு முன் ஹகரம் சேர்ந்தும் சேராமலும் ஒலிப்பது உண்டு. அதனால்தான் அகராதி அதை அடைப்புக்குள் போட்டிருக்கிறது.

வகரம் தொல்லை தருகிறது. சொல்லின் முதலில் உள்ள பழைய வகரம் பிராகுயியில் பகரத்தின் மெல்லோசை ஆகும். வாய் அங்கே 'பா'. நடுவிலோ கடையிலோ உள்ள வகரம் எளிதில் அழிவதில்லை. செவி அங்கே தொண்டையில் உரசிவரும் ககரத்தோடு 'ஃகஃப்'. அதாவது செவியின் வகரம் ஃப் ஆகி உயிரோடு இருக்கிறது. அப்படியானால் இவுளியின் வகரம் எங்கே? இவு- என்ற இரண்டு குற்றெழுத்துகள் சுருங்கி உ- ஆனது என்று சொல்ல வேண்டும். நடக்கக்கூடியதுதான், மூன்றெழுத்துச் சொல்லில் இடைவகரம் கெடுவது தமிழ்ப் பேச்சிலேயே காணலாம். ஆனாலும் இதற்கென்று ஒரு தனி விளக்கம் தேவைப்படுகிறது என்பதைக் குறித்துக்கொள்ள வேண்டும்.

ளகரத்திலும் ஒரு நெருடல். தேள் பிராகுயியில் மூச்சோடு உரசும் ஒரு தனி லகரத்தில் முடிகிறது, பாலும் அப்படியே. உல்லீயில் அந்த லகரம் இல்லை, சாதாரண இரட்டை லகரம் இருக்கிறது. ஈற்றில் நிற்பதற்கும் உயிர்களுக்கு நடுவில் நிற்பதற்கும் வேறுபாடு இருக்கலாம்.

கணக்குப் போட்டால்: பொருள் முழுமையாக ஒக்கிறது; ஈற்று இகரம் ஒக்கிறது; ளகரம் ஏறத்தாழ ஒக்கிறது; உகரம் ஒக்கிறது; முதல் இகரமும் வகரமும் விளக்கத்தை நம்பி நிற்கின்றன. இரண்டே மொழிகள். தற்செயல் ஒற்றுமை என்று தள்ளிவிட முடியாத அளவுக்கு நெருக்கம். உறுதியாகச் சொல்லமுடியாத அளவுக்கு இடைவெளி. தமிழ் ஆர்வலர் பலர் இந்தப் பதிவைக் கண்டதும் 'குதிரை திராவிடரின் ஆதி விலங்கு' என்று எழுதிவிடுகிறார்கள். இந்தச் சான்று அவ்வளவு பாரம் தாங்காது.

காலக் கணக்கு இடிக்கும் இடம்

இவுளியும் உல்லீயும் ஒரு தாய்ச்சொல்லின் பிள்ளைகள் என்றால், தமிழின் முன்னோரும் பிராகுயியின் முன்னோரும் பிரியும் முன்பே அந்தச் சொல் இருந்திருக்க வேண்டும். 2018-இல் வெளிவந்த ஒரு கணிப்பு திராவிடக் குடும்பத்தின் வயதைச் சுமார் 4500 ஆண்டு என்கிறது. அதாவது கி.மு. 2500-ஐ ஒட்டி.

இன்று உலகெங்கும் உள்ள வீட்டுக்குதிரையின் மூதாதைகள் மேற்கு யூரேசியப் புல்வெளியில் இருந்து பரவத் தொடங்கியது கி.மு. 2200-ஐ ஒட்டித்தான் என்று 2021-இல் வந்த பழ மரபணு ஆய்வு காட்டியது. பலுச்சிஸ்தானின் கச்சிச் சமவெளியில் உள்ள பிராக் என்ற தொல்லிடத்தில் குதிரை எலும்பும் குதிரை ஏறிய சுடுமண் பொம்மைகளும் கிடைப்பது கி.மு. இரண்டாம் ஆயிரத்தில். அதற்கு முன்னதாகக் குஜராத்தின் சுர்கோட்டடாவில் கிடைத்த எலும்புகளைக் குதிரை என்று விலங்கெலும்பு ஆய்வாளர் போக்கோனியி சொன்னார். ரிச்சர்டு மெடோ மறுத்தார். இன்னும் தெற்கே விதர்ப்பத்தின் மாகூர்ஜரி, நைகுண்டு பெருங்கற்புதைவுகளில் குதிரை கிடைப்பது கி.மு. முதல் ஆயிரத்தில். ஆக, மொழி பிரிந்த காலத்தில் பெயர்வைக்கக் குதிரை இங்கே இல்லை.

இந்த இடிப்பைத் தீர்க்க மூன்று வழிகள் உண்டு.

முதல் வழி: சொல் பழையது, விலங்கு வேறு. கட்ச் பாலைநிலத்திலும் பலுச்சிஸ்தானிலும் காட்டுக்கழுதை இயற்கையாகவே இருந்தது. கட்ச்சில் இன்றும் இருக்கிறது. குளம்புள்ள, வேகமாக ஓடும் அந்த விலங்கின் பெயர், பிற்காலத்தில் அதே உருவத்தோடு வந்த குதிரைக்குப் போயிருக்கலாம். புதிதாக வந்த விலங்குக்குப் பழைய விலங்கின் பெயரை வைப்பது எல்லா மொழியிலும் நடப்பது. நற்றிணை 63-ஐ மட்டும் வைத்து இவுளி குதிரையா கோவேறு கழுதையா என்று பிரிக்க முடியாமல் போனதை இங்கே நினைத்துப் பார்க்கலாம். அதைச் சான்று என்று சொல்ல மாட்டேன். இந்த வழிக்கு அது தடையாக இல்லை, அவ்வளவே.

இரண்டாம் வழி: மொழிகள் பிரிந்தபின், குதிரையோடு சேர்ந்து பெயரும் பரவியது. வடமேற்கில் வழங்கிய ஏதோ ஒரு சொல் பிராகுயியின் முன்னோர்க்கும் தமிழின் முன்னோர்க்கும் தனித்தனியே வந்திருக்கும். ஒலி முழுதும் ஒத்துப்போகாததை இது நன்றாக விளக்குகிறது. ஆனால் இடையில் உள்ள மொழிகள் எதிலும் தடம் இல்லாமல் இரு முனைகளில் மட்டும் எப்படித் தங்கியது என்ற கேள்வி எழுகிறது.

மூன்றாம் வழி: தற்செயல்.

பிராகுயி எப்போது பலுச்சிஸ்தானுக்கு வந்தது என்பதும் இதில் கலக்கிறது. அது ஆதியிலேயே அங்கே தங்கியது என்பது ஒரு கட்சி. அதில் மிகப் பழைய ஈரானியக் கடன்சொற்கள் இல்லாததைக் காட்டி, சுமார் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்புதான் நடு இந்தியாவிலிருந்து மேற்கே போனது என்பது மொழியியலாளர் எல்ஃபென்பைன் முதலானோர் கட்சி. இரண்டாவது சரியென்றால், பிராகுயியின் நெருங்கிய உறவான குடுக்கு, மால்டோ மொழிகளில் இவுளியின் இனம் இருந்தால் பெரிய துணையாக இருக்கும். குடுக்கில் இன்று வழங்குவது வடஇந்திய மொழிகளிலிருந்து வந்த கோடோதான். பழைய சொல் இருந்து அழிந்ததா, இருந்ததே இல்லையா என்பதை அதிலிருந்து அறிய வழியில்லை.

என் தீர்ப்பு முதல் வழிக்குச் சற்றுச் சாய்கிறது. பொருள் மாற்றம் இயல்பானது. விலங்கு அந்த நிலத்தில் உண்மையிலேயே இருந்தது. குதிரை என்ற தென்திராவிடச் சொல் பின்னால் வந்து இவுளியை ஒதுக்கியதும் இதனோடு பொருந்துகிறது.

ஏன் ஒதுங்கியது

தொல்காப்பிய மரபியலில் இளமைப்பெயர், ஆண்பெயர், பெண்பெயர் சொல்லும்போது வருவது குதிரை என்ற பெயர்தான். "யானையும் குதிரையும் கழுதையும்" கன்று என்ற பெயர் பெறும். "குதிரையுள் ஆணினைச் சேவல் என்றலும்" தள்ளத்தக்கதன்று. பெட்டை என்பதும் அதற்கு உரியது. இலக்கண நூல் விதி சொல்லும்போது எடுத்துக்கொள்ளும் பெயர் ஊரறிந்த பெயராக இருக்கும். அகநானூற்றின் முதல் பாட்டிலேயே "உருவக் குதிரை மழவர்" வந்துவிடுகிறார்கள். சிறுபாணாற்றுப்படையில் காரியின் குதிரைக்குக் காரி என்றும் ஓரியின் குதிரைக்கு ஓரி என்றும் பெயர். புறநானூறு 158-இல் "ஊராது ஏந்திய குதிரை" என்று, ஏறிச்செல்ல முடியாத குதிரையாகிய குதிரைமலையைப் புதிர்போட்டுச் சொல்கிறார் பெருஞ்சித்திரனார். ஒரு மலைக்குப் பெயராகி, அதை வைத்துப் புதிரும் போடும் அளவுக்குக் குதிரை அன்றே பொதுச்சொல்.

பிறகு வணிகம் அதை நிலைநிறுத்தியது. கப்பலில் குதிரை வந்ததைச் சங்கப் பாட்டு புரவி என்றே சொல்கிறது: பட்டினப்பாலையில் "நீரின் வந்த நிமிர்பரிப் புரவி". இந்த அடியில் பரி என்பது ஓட்டம், விலங்கு அன்று. பரியும் புரவியும் ஒரே தொடரில் நிற்பதால் இது தெளிவாகிறது. பின்னாளில் சோழர் கல்வெட்டுகளில் விற்பவர் குதிரைச் செட்டி, படையில் நிற்பவர் குதிரைச் சேவகர். இவுளிக்கு அந்தக் கணக்கு வழக்குகளில் இடம் கிடைக்கவில்லை. விலைபேசும் இடத்திலும் சம்பளம் எழுதும் இடத்திலும் இல்லாத சொல் புலவர் நாவில் மட்டும் தங்கும். அதுவும் தேர்ப்பாட்டு நின்றபின் குறையும்.

பதிவு எப்படி இருக்க வேண்டும்

இந்த ஆய்வின் பயன் ஓர் அகராதிப் பதிவு. புதிதாகச் சொல்லகராதி தொகுப்பவர்கள் இவுளியை இப்படி எழுதலாம்:

இவுளி, பெயர்ச்சொல். குதிரை, பழஞ்சான்றுகளில் தேரில் பூட்டிய குதிரை. "வளிநடந் தன்ன வாஅய்ச் செலல் இவுளி" (புறம். 197); "கால்கடுப் பன்ன கடுஞ்செலல் இவுளி" (அகம். 224); நற். 63. பிற்கால வழக்கு: இவுளி மறவர், குதிரைப்படையினர். மாமரம் என்ற பொருள் 'மா' வழியாக ஏறியது. பாட்டுச் சான்று இல்லை. இனச்சொல்: பிராகுயி (ஹ்)உல்லீ, குதிரை; இடைவகரக் கேட்டுக்கு விளக்கம் தேவை. இவர், உளை ஆகியவற்றோடு தொடர்பு இல்லை.

இந்தப் பதிவில் மாறக்கூடியது இனச்சொல் பகுதி மட்டும். நடுத்திராவிட மொழிகளிலோ குடுக்கு, மால்டோ பழம்பாட்டுகளிலோ, குதிரைக்கோ கழுதைக்கோ காட்டுக்கழுதைக்கோ 'இவ்–', 'உள்–' வடிவில் ஒரு சொல் கிடைத்தால், முதல் வழியா இரண்டாம் வழியா என்பதை அது தீர்த்துவிடும். களப்பணிக்குப் போகிறவர்கள் 'குதிரைக்கு என்ன சொல்வீர்கள்' என்று மட்டும் கேட்டால் கோடோ என்ற பதில்தான் வரும். கழுதை, கோவேறு கழுதை, பொதி சுமக்கும் விலங்கு, கதையிலும் பாட்டிலும் வரும் ஓடும் விலங்கு என்று தனித்தனியே கேட்க வேண்டும்.